பாக் மில்கா பாக் (ஓட்டக்காரர் மில்கா சிங் வாழ்க்கையைச் சொல்ற படம்): உங்களை இன்னும் விடாத காட்சி எது?

சின்னமனூரான்
ரோம் ஒலிம்பிக், லாகூர் ஓட்டம் எல்லாம் எல்லாருக்கும் தெரியும், அதை விடுங்க. எனக்கு அந்த கோட்டுதான். இந்தியான்னு பொறிச்ச கோட்டை மில்கா தன் அக்கா தோள்ல போட்டு விடுறார். அவங்க கோட்டுப் பைக்குள்ள கையை விட, தோடு தட்டுப்படுது. நிஜத்துலயும், டிக்கெட் இல்லாம ரயில் ஏறி திகார் ஜெயில்ல கிடந்தவரை நகையை வித்து மீட்டது அந்த அக்காதான். நான் படம் பார்த்தப்ப பக்கத்துல என் அக்கா. என் காலேஜ் ஃபீஸுக்குச் செயினை அடகு வச்சவ. ரெண்டு பேரும் முகத்தைத் திருப்பிக்கிட்டோம். இன்னிக்கு வரைக்கும் அதைப் பத்திப் பேசினதில்லை.

பிடி வாத்தியார்
பசங்களுக்குப் பள்ளியில போட்டுக் காட்டினேன். பனியனைப் பிழிஞ்சு குவளையில வேர்வை பிடிப்பாரே, அந்த இடத்துல ஒரு சத்தமில்லை. மறுநாள் காலையில எட்டாவது படிக்கிற ஒருத்தன் டம்ளரோட வந்து நிக்கிறான். "சார், அடிப்பக்கம் நனைஞ்சிருச்சு சார்." வெறுங்கால்ல ஓடுற பையன். அந்த டம்ளரை மறக்க முடியலை.

ட்ராக்மேன்
உணர்ச்சியெல்லாம் சரி, ஆனா படம் அவர் 400 மீட்டர் உலக சாதனையை முறியடிச்சதாக் காட்டுது. அது தப்பு. 1956லயே அமெரிக்காவோட லூ ஜோன்ஸ் 45.2 செகண்ட்ல ஓடியாச்சு. படம் சொல்ற 45.9ங்கிறது 1952 ஹெல்சிங்கி ஒலிம்பிக் சாதனை. 1960 ரோம் ஒலிம்பிக்ல நாலாவது வந்த மில்கா ஓடினது 45.6, மூணாவது வந்த ஸ்பென்ஸ் 45.5. இந்தக் கணக்கே போதும், மிகைப்படுத்திச் சொல்லத் தேவையே இல்லை.

என் அனுபவம்னா, பட்டாளத்துல மில்கா பாலும் முட்டையும் கிடைக்கும்னு ஓடுற காட்சியில எங்கப்பா என் கையைப் பிடிச்சுக்கிட்டார். அவரும் பட்டாளத்துல இருந்தவர்.

வாத்தியாருக்கு ஒண்ணு: படத்தைப் பார்த்துட்டு அந்த வயசுப் பசங்களை டயர் இழுக்க விடாதீங்க. தார் ரோட்டுல ஓட விடாதீங்க, முழங்கால் போயிடும். மண் தரையே நல்லது. 400 ஓடுறவன் முதல் 200ஐ முழு வேகத்துல ஓடக் கூடாது. கடைசி 80 மீட்டர்ல கால் கல்லாயிடும். வேகத்தை அடக்கி ஓடச் சொல்லுங்க. வாரத்துல ஒரு நாள் முழு ஓய்வு. ஓடி முடிச்சதும் உட்கார விடாம நடக்க வைங்க.

மணிமாறன்
சாதனைக் கணக்கா இங்க கேட்டாங்க? நான் சண்டிகர்ல வேலை பார்த்தப்ப அங்கேயே பார்த்தேன். 1947 பிரிவினைக் கலவரக் காட்சி வந்ததும் முன் வரிசையில ஒரு வயசான சர்தார்ஜி எழுந்து வெளிய போயிட்டார். லாகூர்ல பாகிஸ்தான் ஓட்டக்காரர் அப்துல் காலிக்கோட மில்கா ஓடுறப்போ திரும்பி வந்தார். உட்காரவே இல்லை, ஓட்டம் முடியற வரைக்கும் நடைபாதையில நின்னுக்கிட்டே இருந்தார்.

பிடி வாத்தியார்
ட்ராக்மேன், ஓய்வு விஷயம் ஏத்துக்கிறேன். ஆனா ரோம்ல 250 மீட்டர் வரைக்கும் முன்னால இருந்துட்டு, அதுக்கப்புறம் வேகத்தைக் குறைச்சதுதான் பதக்கத்தைக் கெடுத்ததுன்னு மில்காவே சொல்லியிருக்கார். நான் பையன்கிட்ட எதைச் சொல்ல?