உருக் நகரத்து மண் கிண்ணம் பத்தி தெரிஞ்சவங்க கொஞ்சம் உதவுங்க

வணக்கம் நண்பர்களே, இந்தக் கிண்ணத்த எதுக்கு செஞ்சிருப்பாங்கன்னு ஒரு வாரமா இதே யோசனைதான். தெற்கு ஈராக்ல இருக்கற உருக், அதாவது இப்போதைய வர்கா, அங்க கி.மு. 4-ஆம் ஆயிரத்தாண்டு அடுக்குகள்ல விளிம்பு சாய்வா வெட்டின மாதிரி சொரசொரப்பான மண் கிண்ணம் குவியல் குவியலா கெடைச்சிருக்கு, சிரியாவுல ஹபூபா கபீரா வரைக்கும் இதே கிண்ணம்தான். சக்கரத்துல வனையல, அச்சுல களிமண்ண அமுக்கி செஞ்சதுன்னு சொல்றாங்க, உள்ள அடியில விரல் முட்டி பதிஞ்ச பள்ளம்கூட சிலதுல தெரியுது. 5000 வருஷத்துக்கு முந்தின ஒரு ஆளோட கைங்க அது, பாத்ததும் சிலிர்த்துப் போச்சு எனக்கு.

வேலையாளுங்களுக்கு தானியக் கூலி அளந்து குடுத்த படின்னு ஒரு கட்சி, 'சாப்பிடு'ன்னு அர்த்தம் வர்ற பழைய எழுத்துல தலையும் கிண்ணமும் சேர்ந்து இருக்கறத காட்டுறாங்க. இன்னொரு கட்சி ரொட்டி சுட்ட அச்சுங்குது, எனக்கு மனசு இந்தப் பக்கம்தான் சாயுது, ஏன்னா அவ்ளோ நுண்துளை இருக்கற பாத்திரத்துல கஞ்சி ஊத்தினா கசிஞ்சிடும்ல.

கிண்ணத்துல ஒட்டியிருந்த உணவு எச்சத்த ஆய்வு பண்ணின கட்டுரை யார்கிட்டயாவது இருந்தா அனுப்புங்க. லண்டன்ல இருக்கறவங்க பிரிட்டிஷ் மியூசியம் போனா உள்பக்க அடிய க்ளோசப்ல ஒரு போட்டோ எடுத்துக் குடுங்க ப்ளீஸ்.