நானோ பூச்சு வலையை எங்கே சோதிப்பது?

கேள்வி (முதுகலை மாணவி, மண்டபம்):
வணக்கம். கூண்டில் கடல் விரால் வளர்ப்பவர்களுக்கு, வலையில் பாசியும், ஓட்டோடு ஒட்டி வளரும் கொட்டலசு என்ற சிற்றுயிரும் ஏறி நீரோட்டத்தை அடைப்பது பெரும் தொல்லை. தாமிர ஆக்சைடு நானோ துகள்களை (கண்ணுக்குத் தெரியாத மிக நுண்ணிய துகள்களை) வலையில் பூசி இதைத் தடுக்கலாமா என்று ஆராய விரும்புகிறேன். மாமாவின் கூண்டிலேயே நேராகக் கட்டிப் பார்க்கலாமா? ஆபத்து எனக்கா, கடலுக்கா?

பதில் (பொருளறிவியல் ஆசிரியர், காரைக்குடி):
இருவருக்கும் உண்டு, வெவ்வேறு கட்டங்களில். தானே பெருகி உலகை விழுங்கும் நானோ எந்திரம் என்று யாராவது பயமுறுத்தினால் விட்டுத்தள்ளுங்கள். கவலைப்பட வேண்டியது தராசுத் தட்டிலிருந்து எழும் உலர்ந்த பொடியைப் பற்றித்தான். ஒரு செ.மீ. கனசதுரத்தைப் 10 நானோமீட்டர் (ஒரு நானோமீட்டர் என்பது மீட்டரில் நூறு கோடியில் ஒரு பங்கு) கனசதுரங்களாக நறுக்கினால், 6 சதுர செ.மீ. மேற்பரப்பு 600 சதுர மீட்டராகிவிடும். தாமிரம் விரைந்து கரைவதும், மூச்சில் போனால் நுரையீரலை உறுத்துவதும் இதனால்தான். துணி முகக்கவசம் போதாது. நுண்துகளையும் பிடிக்கும் ஹெபா வடிகட்டி பொருத்திய மூடிய பெட்டிக்குள் எடை போடுங்கள். முடிந்தால் பொடியாக வாங்காமல் நீரில் கலந்த நிலையிலேயே வாங்குங்கள்.

பதில் (கூண்டு வளர்ப்பவர், பாம்பன்):
தங்கச்சி, நாங்கள் வலையைக் கரையில் விரித்துக் காயவைத்து, கட்டையால் தட்டித்தான் கொட்டலசை உதிர்க்கிறோம். பூச்சும் கூடவே உதிருமே! அந்த மணலில்தான் பிள்ளைகள் விளையாடுகிறார்கள்.

பதில் (கடல் உயிரியல் ஆய்வாளர்):
அண்ணன் கேட்டதை ஆய்வேட்டிலேயே ஒரு பகுதியாக வையுங்கள். உப்புநீரில் நானோ துகள்கள் திரண்டு அடியில் படியும் இயல்புடையவை. ஆகவே மேல்நீரை மட்டும் அள்ளி அளந்தால் ஒன்றுமே இல்லாததுபோலத் தோன்றும், சரக்கெல்லாம் வண்டலை உண்ணும் கடல் அட்டையிடம் போய்ச் சேர்ந்திருக்கும். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் அவற்றைச் சூழ்ந்த பவளப்பார்களும் 1986 முதல் தேசியப் பூங்கா. நீரோட்டத்துக்கு எல்லைக்கோடு தெரியாது என்பதால், மாமாவின் கூண்டு இப்போதைக்கு வேண்டாம். கடல்நீரும் மணலும் இட்டு, வெளியேற்றமே இல்லாத தொட்டியில் தொடங்குங்கள். பூச்சு வேலைக்குக் காரைக்குடி மத்திய மின்வேதியியல் ஆய்வகத்தையும், உயிரினச் சோதனைக்கு உங்கள் ஊரிலேயே உள்ள மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி மையத்தையும் உங்கள் ஆய்வு வழிகாட்டி மூலம் அணுகிப் பாருங்கள். ஒரு தொட்டியில் சாதாரணத் தாமிர உப்பை மட்டும் இட்டு ஒப்பிடுங்கள். இல்லையேல் கெடுதல் கரைந்த தாமிரத்தாலா, நானோ துகளாலா என்று பிரித்தறிய முடியாது. முடிந்தபின் தொட்டி நீரையும் மணலையும் அபாயக் கழிவாக ஒப்படைக்க வேண்டும். அதற்கான ஏற்பாட்டைத் துறையில் இப்போதே கேட்டு வையுங்கள்.