கார் ஸ்கேன் கேபிளை வீட்டு கம்ப்யூட்டரில் மாட்டியவர்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

கும்பகோணத்தான்:
பழைய டீசல் வண்டி, கே-லைன் (பழைய வண்டிகளின் கம்ப்யூட்டரோடு பேசும் ஒற்றை வயர்) கேபிள், டிரைவர் எல்லாம் போட்டாயிற்று. லேப்டாப் இல்லாததால் டெஸ்க்டாப்பையே திண்ணைக்குத் தூக்கி வந்தோம். பங்குனி வெயில் கொளுத்துகிறது. சாவியை ஆன் செய்ததும் கூலன்ட் சூடு மைனஸ் 40 டிகிரி என்று திரையில் நிற்கிறது! கூடவே பி0118 என்ற பிழைக் கோட், கூலன்ட் சென்சார் சர்க்யூட்டில் கோளாறு என்று. அப்பா திரையையும் தெருவையும் மாறி மாறிப் பார்த்தார். அறுவடை முடிந்ததும் வயலிலிருந்து ஊருக்குள் வரும் எலிதான் சென்சார் வயரைக் கடித்திருந்தது. அதற்கு முன் ஒரு கடையில் தெர்மோஸ்டாட்டை மாற்றச் சொல்லிப் பணமும் வாங்கிவிட்டார்கள். அதுதான் இன்னும் ஆறவில்லை.

நாகைவாசி:
எலி என்று உடனே முடிவு கட்டாதீர்கள். கடற்கரை வண்டிகளில் கப்ளரில் (வயரைச் சென்சாரோடு இணைக்கும் பிளக்) பச்சைக் களிம்பு ஏறினாலும் இதே மைனஸ் 40தான். எங்கள் வண்டியில் வயர் முழுசாகத்தான் இருந்தது. இரண்டு பின் சென்சார் என்றால் கப்ளரைக் கழற்றி, வயர் பக்கத்து இரண்டு பின்னையும் ஒரு துண்டு வயரால் இணையுங்கள். சூடு உச்சத்துக்குத் தாவினால் வயரில் குறையில்லை, சென்சாரையோ களிம்பையோ பாருங்கள்.

மன்னார்குடி:
எனக்கு வண்டி வரை போகவே வழியில்லை. கம்ப்யூட்டரில் கேபிள் காம் 11 என்ற போர்ட் எண்ணில் உட்கார்ந்துகொண்டது, என்னிடமிருந்த பழைய சாஃப்ட்வேருக்கு 1 முதல் 4 வரைதான் தெரியும். ராத்திரி முழுக்க "பதில் இல்லை" என்ற ஒரே செய்தி. புதிதாக மாட்டுபவர்கள் கேளுங்கள்: டிவைஸ் மேனேஜரில் போர்ட்டைத் திறந்து அட்வான்ஸ்டுக்குப் போய் எண்ணை மாற்றுங்கள். அங்கேயே லேட்டன்சி டைமர் (வந்த தகவலை அனுப்பும் முன் காத்திருக்கும் மில்லிசெகண்ட்) 16 என்று இருந்தால் 1 அல்லது 2 ஆக்குங்கள், கே-லைன் தொடர்பு அறுந்து அறுந்து போவது பெரும்பாலும் நிற்கும். திண்ணையிலிருந்து வண்டிக்கு எக்ஸ்டென்ஷன் இழுத்தால் யூஎஸ்பி ஒயர் மொத்தம் 5 மீட்டருக்குள் இருக்கட்டும். கேபிள் லைட்டே எரியவில்லையா, வண்டியின் ஸ்கேன் சாக்கெட்டில் 16-ஆம் பின்னுக்கும் 4-ஆம் பின்னுக்கும் நடுவே மீட்டர் வையுங்கள். 12 வோல்ட் இல்லையென்றால் ஃபியூஸ் போயிருக்கும், கேபிளைத் திட்ட வேண்டாம்.

மயிலாடுதுறை:
டெஸ்க்டாப் சரி. கரண்ட்? கோட் படித்துக்கொண்டிருந்தபோது தெருவே இருண்டது. படிப்பதோடு போனது நல்லது. இசியுவுக்கு (வண்டியின் இன்ஜின் கம்ப்யூட்டர்) சாஃப்ட்வேர் ஏற்றும் வேலையை யூபிஎஸ் இல்லாமல் தொடாதீர்கள், பாதியில் நின்றால் வண்டி கிளம்பாமலே போகலாம். வண்டி பேட்டரிக்கும் சார்ஜர் போட்டு வையுங்கள்.