170-க்கு அரை சென்டிமீட்டர் குறைவு: காவலர் தேர்வு அளவுக்குக் கோர்ட் போகலாமா?

காசிமேடு அக்கா:
என் தம்பி இரண்டாம் நிலைக் காவலர் எழுத்துத் தேர்வில் பாஸ். உடற்கூறு அளந்தபோது உயரம் 169.5 சென்டிமீட்டர் என்று எழுதி வெளியே அனுப்பிவிட்டார்கள். நாங்கள் எம்பிசி, 170 வேண்டும். வீட்டில் காலையில் எப்போது அளந்தாலும் 170-க்கு மேல்தான். அன்றைக்கு விடியற்காலை மூன்று மணிக்கே துறைமுகத்தில் மீன் கூடை தலைச்சுமை தூக்கிவிட்டு நேராக மைதானத்துக்குப் போனான். அவன் முறை வரும்போது மதியம். மறுபடி அளக்கக் கேட்டதற்கு, "அடுத்த ஆள்" என்றார்களாம். உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாமா?

ஓய்வுபெற்ற ஏட்டு, தண்டையார்பேட்டை:
வருத்தம் புரிகிறதம்மா. ஆனால் வேண்டாம் என்பேன். 170, எஸ்சி எஸ்டி பிரிவுக்கு 167, பெண்களுக்கு 159, எஸ்சி எஸ்டி பெண்களுக்கு 157 என்று விண்ணப்பம் போடும் முன்பே அறிவிப்பில் இருக்கிறது. இன்று 169.5-க்கு விட்டால் நாளை 169.2 வந்து நிற்பான். எங்காவது கோடு போட்டுத்தானே ஆக வேண்டும்?

வியாசை ரன்னர்:
அண்ணே, கோட்டை மாற்றச் சொல்லவில்லையே அக்கா. சரியாக அளந்தார்களா என்றுதான் கேட்கிறார். தூங்கி எழுந்ததும் இருக்கும் உயரம் சாயங்காலம் இருக்காது. முதுகெலும்பு வட்டுகள் அழுந்தி ஏறக்குறைய ஒரு சென்டிமீட்டர் குறையும். சுமை தூக்கினால் இன்னும் சீக்கிரம் குறையும். காலை ஏழு மணிக்கு அளந்தவனும் மதியம் அளந்தவனும் எப்படி ஒன்றாவார்கள்?

கொருக்குப்பேட்டை 169:
நான் மூன்று வருடத்துக்கு முன் இதே மாதிரி வெளியே வந்தவன். 169.4. ஐசிஎஃப் கிரவுண்டில் இரண்டு வருடம் ஓடி, 1500 மீட்டரை ஆறு நிமிடத்துக்குள் முடிப்பேன். அளவில் போய்விட்டது. வக்கீல் வைக்கக் காசில்லை, வீட்டுக்கு வந்துவிட்டேன். கோர்ட்டுக்குப் போக முடிந்தவருக்கு மட்டும் இரண்டாவது தடவை அளப்பார்கள் என்றால் எங்களைப் போன்றவர்களுக்கு என்ன பதில்?

பாரிமுனை வக்கீல்:
தம்பி கேட்பது ரொம்ப நியாயம். அதற்கு முன் ஒன்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும். "அரை சென்டிமீட்டர் தளர்த்துங்கள்" என்று போகும் மனு பெரும்பாலும் தள்ளுபடிதான். விதியில் இல்லாத சலுகையை நீதிமன்றம் தராது. "அளந்தது தப்பு" என்று போனால் கதை வேறு. நீதிபதி டேப் எடுத்து அளக்க மாட்டார். அரசு மருத்துவமனையில் மருத்துவர் முன்னிலையில் மறுபடி அளக்கச் சொல்லிப் பல வழக்குகளில் உத்தரவு வந்திருக்கிறது. அதில் 170 வந்தால் பிழைத்தோம். 169.5 வந்தால் வழக்கு அதோடு முடிந்தது. தனியார் டாக்டர் சான்றிதழ் சந்தேகத்தைக் கிளப்பத்தான் உதவும், தீர்ப்பு வாங்கித் தராது. முக்கியமாக, தாமதம் கூடாது. தேர்வுப் பட்டியல் வந்தபிறகு வந்தால், "இத்தனை நாள் எங்கே இருந்தீர்கள்" என்பார்கள்.

ராயபுரம் செல்வி:
ஏட்டையா, கோடு எப்போதும் சரியான இடத்தில் இருக்கும் என்றும் சொல்ல முடியாது. எஸ்ஐ தேர்வுக்குப் போன திருநங்கை பிரித்திகா யாஷினி 100 மீட்டர் ஓட்டத்தில் ஒரு விநாடி அளவுக்குத்தான் பின்தங்கினார். திருநங்கைகளுக்கென்று அளவே வைக்காமல் விட்டிருந்தார்கள். 2015-ல் சென்னை உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. 2017-ல் எஸ்ஐ ஆனார். 2023-ல் ராஜஸ்தான் உயர் நீதிமன்றம், வனக்காவலர் தேர்வில் பெண்களின் மார்பளவை எடுப்பதே அவமானம் என்று கண்டித்தது. கேட்டதால்தானே வெளியே வந்தது?

ஓய்வுபெற்ற ஏட்டு, தண்டையார்பேட்டை:
அந்த இரண்டும் வேறும்மா. ஒன்றில் விதியே இல்லை, இன்னொன்றில் விதி அசிங்கம். 170 அப்படி இல்லை. நான் மைதான டியூட்டி பார்த்தவன். ஒரு நாளைக்கு நூற்றுக்கணக்கான பையன்கள். ஒவ்வொருவரையும் இரண்டு முறை அளந்தால் தேர்வு எப்போது முடியும்?

வியாசை ரன்னர்:
எல்லோரையும் வேண்டாம் அண்ணே. ஒரு சென்டிமீட்டருக்குள் தவறியவர்களை மட்டும் அடுத்த நாள் காலையில் டாக்டர் முன்னால் அளக்கட்டும். கொருக்குப்பேட்டை தம்பிக்கும் காசில்லாமலே அந்த வாய்ப்பு கிடைத்திருக்கும்.

கொருக்குப்பேட்டை 169:
அப்படி ஒன்று இருந்திருந்தால் 169.4 வந்திருந்தாலும் எனக்கு மனசு ஆறியிருக்கும்.

ஓய்வுபெற்ற ஏட்டு, தண்டையார்பேட்டை:
அதே நாளில் எழுதிக் கொடுத்தால் மேலதிகாரி முன் அளக்கலாம் என்றால் ஒப்புக்கொள்கிறேன். அடுத்த நாள் என்றால் ஒப்பமாட்டேன். ஒரு ராத்திரி இடைவெளி விட்டால் புரோக்கர் நுழைவான்.

காசிமேடு அக்கா:
வக்கீல் சார், 169.5 என்று எழுதிய சீட்டு பத்திரமாக இருக்கிறது. அளந்து ஒன்பது நாள்தான் ஆகிறது. இன்று ராத்திரி தம்பியைச் சுமை தூக்க விடவில்லை. காலையில் அரசு ஆஸ்பத்திரியில் அளந்துவிட்டு வருகிறோம். 170 இல்லையென்றால் மனு போட மாட்டோம்.