மறு: எத்னோடிராமாவுக்குத் தமிழ்ச் சொல் – ‘களக்கூற்று நாடகம்’ சரிவருமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

எத்னோடிராமா என்ற ஆங்கிலச் சொல்லுக்கு இந்த மடல் இழையில் வந்த தமிழ்ப் பரிந்துரைகளை முழுக்க வாசித்துவிட்டேன். பண்புசார் ஆய்வு (எண்களை அல்லாமல் மனிதர்களின் சொல்லையும் அனுபவத்தையும் ஆராயும் முறை) பற்றிய கலைச்சொல் தொகுப்பில் எனக்கும் பங்கு இருப்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

பொருளை முதலில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்வோம். ஆய்வாளர் ஆட்களைச் சந்தித்து நேர்காணல் எடுக்கிறார், உடனிருந்து பார்க்கிறார், களக்குறிப்பு எழுதுகிறார். வழக்கமாக அதெல்லாம் ஆய்வேடாகவோ கட்டுரையாகவோ முடியும். அப்படி முடிக்காமல், அந்த நேர்காணல்களிலிருந்தே ஒரு நாடகத்தை உருவாக்கி மேடையேற்றினால் அதுதான் நாம் பெயர் தேடும் பொருள். அரிசோனா மாநிலப் பல்கலைக்கழகத்தில் நாடகம் கற்பித்த ஜானி சல்டானா இதில் எழுதப்பட்ட பிரதியை எத்னோடிராமா என்றும், அது மேடையில் நிகழ்வதை எத்னோதியேட்டர் என்றும் பிரிக்கிறார். ஆகவே நமக்கு ஒரு சொல் போதாது, இணையாக இரண்டு வேண்டும்.

> இனவரைவியல் என்ற சொல் நிலைத்துவிட்டது. ‘இனவரைவு நாடகம்’ என்று வைத்துவிட்டுப் போகலாமே.

ஒரு சமூகத்தோடு கூடவே இருந்து அதன் வாழ்வை எழுதும் எத்னோகிராஃபிக்கு இனவரைவியல் நல்ல சொல்தான். பக்தவத்சல பாரதி போன்றோரின் மானிடவியல் நூல்கள் வழியாக நன்றாகவே வேரூன்றிவிட்டது. ஆனால் இந்த இடத்தில் அது வாசகரைத் தவறான பக்கம் திருப்பிவிடும். 1990களின் தொடக்கத்தில் ஆஸ்திரேலியாவில் ஜிம் மியன்சகோவ்ஸ்கி செய்த நாடகங்களை எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்று மனச்சிதைவு நோயோடு வாழ்பவர்களைப் பற்றியது, இன்னொன்று குடிப்பழக்கத்திலிருந்து மீளச் சிகிச்சைக்கு வருபவர்களைப் பற்றியது. செவிலியர் படிப்பு மாணவர்களும் நாடக மாணவர்களும் சேர்ந்து நடித்தார்கள். பிரதி உருவானதும், பேட்டி கொடுத்தவர்களிடமே கொண்டுபோய்க் காட்டி, நீங்கள் சொன்னது இதுதானா என்று கேட்டுத் திருத்தினார்கள். இதில் எந்த ‘இனம்’ இருக்கிறது? பேச்சு வேகத்தில் ‘வரைவு’ உதிர்ந்து ‘இன நாடகம்’ என்று நின்றுவிட்டால் இன்னும் சிக்கல். இனக்கலவரம், இனப்பிரச்சினை என்ற சொற்களோடு ஒரு தலைமுறையே வளர்ந்த இலங்கையில் அதை எப்படிப் படிப்பார்கள் என்பதையும் நாம் யோசிக்க வேண்டும்.

ஆய்வு நாடகம், தரவு நாடகம் என்றும் எழுதியிருந்தீர்கள். ஆய்வு நாடகம் என்றால் துப்பறியும் கதை என்று நினைப்பவர்களும் உண்டு, நாடக ஆய்வோடு குழப்பிக்கொள்பவர்களும் உண்டு. தரவு நாடகத்தில் எனக்கு உடன்பாடே இல்லை. காரணத்தை ஓர் எடுத்துக்காட்டோடு சொல்கிறேன். கீழே இருப்பது இந்த மடலுக்காக நானே எழுதியது, எந்த ஆய்விலிருந்தும் எடுக்கவில்லை. மருத்துவமனையில் இரவுப் பணி பார்க்கும் ஒரு பெண் சொல்வதாக வைத்துக்கொள்ளுங்கள்:

“அன்னிக்கு ராத்திரி... இல்ல, ராத்திரி இல்ல, விடியக்காலம். போன் அடிச்சுது. வீட்டு நம்பர்தான். நான் எடுக்கல. எடுத்திருந்தா... சரி, அத விடுங்க.”

ஆய்வுக் கட்டுரையில் இது என்னவாகும்? ‘பங்கேற்பாளர்களில் சிலர் பணிநேரத்தில் குடும்பத்தினரின் அழைப்பைத் தவிர்த்தனர்’ என்று ஒரு வரி. தகவல் அப்படியே வந்துவிட்டது. ஆனால் ராத்திரியை விடியக்காலமாகத் திருத்திய அந்தத் தடுமாற்றம் போய்விட்டது. ‘எடுத்திருந்தா’வுக்குப் பிறகு வந்த நிறுத்தமும், ‘அத விடுங்க’ என்று கதவைச் சாத்தியதும் போய்விட்டன. தரவாக மாற்றும்போது முதலில் கழிபவை இவைதான். மேடை தேடிப்போவதும் இவற்றைத்தான். அதனால்தான் இதன் பெயரில் ‘தரவு’ என்ற சொல் உட்காரவே கூடாது என்கிறேன். சொன்னவரும், அவர் சொன்ன விதமும் அந்தப் பெயரில் இருக்க வேண்டும்.

> ‘கள உரை நாடகம்’ பொருத்தமாக இருக்கும்.

ஐயா, இதுதான் எனக்கும் முதலில் பிடித்தது. ஆனால் புணர்த்தி எழுதினால் ‘களவுரை’ ஆகிவிடுகிறது. படிப்பவர் களவு + உரை என்றுதான் பிரிப்பார். பிரித்தே எழுதலாம் என்றால், எத்தனை பேர் பிரித்து எழுதுவார்கள்? அதிலும் இந்தத் துறையில் திருட்டு என்பது வெறும் எழுத்துப்பிழையாகக் கடந்துபோகிற விஷயம் இல்லை. நிகழ்த்துகலை ஆய்வாளர் டுவைட் காங்கர்குட் 1985இல் எழுதிய கட்டுரை பிறர் வாழ்வை நிகழ்த்துவதில் உள்ள அறச்சிக்கல்களைப் பேசுகிறது. நல்ல மேடைப்பொருள் கிடைக்கும் என்று களத்துக்குப் போய் அள்ளிக்கொண்டு திரும்புவதை அவர் கொள்ளை என்றே கண்டிக்கிறார். அந்தக் குற்றத்தையே பெயராகச் சூட்டிவிட வேண்டாம்.

உரைக்குப் பதிலாக நான் முன்வைப்பது ‘கூற்று’. களம் + கூற்று = களக்கூற்று. புணர்ச்சியில் சிக்கல் இல்லை. பிரதிக்குக் களக்கூற்று நாடகம், மேடை நிகழ்வுக்குக் களக்கூற்று அரங்கு. இலங்கையில் உயர்தர வகுப்புப் பாடத்தின் பெயரே ‘நாடகமும் அரங்கியலும்’தான், எனவே இந்தப் பிரிவினை அங்கே யாருக்கும் புதிதாக இருக்காது. ஒரு குறிப்பிட்ட நாளில் நடந்த நிகழ்வைச் சொல்ல ‘ஆற்றுகை’ என்ற ஈழத்து வழக்கையே எல்லோரும் எடுத்துக்கொள்ளலாம் என்பது என் ஆசை. நிகழ்த்துதல், நிகழ்வு, நிகழ்ச்சி என்று நாம் இங்கே தடுமாறும் இடத்தில் அவர்களிடம் ஒரே சொல் கச்சிதமாக இருக்கிறது.

கூற்றை ஏன் இவ்வளவு வலியுறுத்துகிறேன் என்றால், வேலை செய்யும் முறையே அதில் இருக்கிறது. குறுந்தொகையைத் திறந்தால் பாட்டோடு ‘தலைவி கூற்று’, ‘தோழி கூற்று’ என்று குறிப்பு இருக்கும். பாடியவர் புலவர், பேசுபவர் வேறொருவர் என்பது வாசகருக்கு முதலிலேயே தெரிந்துவிடும். லாரமி நாடகம் மேடையில் செய்வதும் இதையேதான். அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்தில் லாரமி என்ற ஊரில் 1998 அக்டோபரில் மாத்யூ ஷெப்பர்ட் என்ற தன்பாலீர்ப்பு மாணவர் கொல்லப்பட்டார். சில வாரங்களில் மொய்சேஸ் காஃப்மனின் டெக்டானிக் நாடகக் குழு நியூயார்க்கிலிருந்து அங்கே போனது. பலமுறை போய்வந்து இருநூறுக்கும் மேற்பட்ட நேர்காணல்கள் எடுத்தார்கள். 2000இல் டென்வரில் அரங்கேறிய நாடகத்தில் எட்டு நடிகர்கள் அறுபதுக்கும் மேற்பட்டவர்களாக மாறி மாறி வந்தார்கள். அதில் எடுத்துரைப்பாளர் ஒருவர் வந்து, இனிப் பேசப்போவது யார் என்று சொல்லிவிட்டு விலகுவார். நடிகர் வேறு, சொல்லுக்குரியவர் வேறு என்பது பார்வையாளர் மனதில் கடைசிவரை அழியாது.

பெயர் மறைப்பதற்கும் நம்மிடம் முன்மாதிரி உண்டு. ‘மக்கள் நுதலிய அகன் ஐந்திணையும் சுட்டி ஒருவர்ப் பெயர்கொளப் பெறாஅர்’ என்பது தொல்காப்பியம். அகத்தில் ஆளைப் பெயர் சுட்டிச் சொல்லக்கூடாது, புறத்தில் சொல்லலாம். ஆய்வு அறநெறிக் குழுக்கள் இன்று கேட்பதும் ஏறக்குறைய இதுதான். நோய், குடும்பம், துயரம் என்று போகும் ஆய்வுகளில் பெயர் மறைக்கப்படும். ஊரறிந்த நிகழ்வான லாரமியில் பெரும்பாலோர் சொந்தப் பெயரிலேயே பேசுகிறார்கள். தொல்காப்பியர் ஆய்வு அறநெறி எழுதினார் என்று நான் சொல்ல வரவில்லை. கூற்று என்ற சொல்லோடு இந்த மரபு முழுவதும் கூடவே வருகிறது, வேறு எந்தப் பரிந்துரைக்கும் அந்தப் பலம் இல்லை.

> கூற்று என்றால் எமன் அல்லவா?

இலக்கியத்தில் அந்தப் பொருளும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் நேர்க்கூற்று, அயற்கூற்று என்று பள்ளி இலக்கணத்திலேயே எல்லோரும் படித்திருக்கிறோம். அங்கே யாருக்கும் எமன் நினைவு வந்ததில்லை. சொல்லப்போனால் இதே இடத்தில் நமக்கு இன்னொரு சொல்லும் கிடைக்கிறது. இழையில் ‘வெர்பேட்டிம் தியேட்டர்’ என்பதற்கு வாய்மொழி நாடகம் என்று ஒருவர் எழுதியிருந்தார். வாய்மொழி இலக்கியம், வாய்மொழி வரலாறு என்று அந்தச் சொல்லுக்கு ஏற்கெனவே வேலை அதிகம். அதை நேர்க்கூற்று நாடகம் என்று சொல்லிவிடலாம். பதிவில் உள்ள சொற்களை மாற்றாமல் பேசுவதுதான் அந்த வகை. நியூயார்க்கின் கிரௌன் ஹைட்ஸ் பகுதியில் 1991இல் நடந்த கலவரத்தைப் பற்றி அமெரிக்க நடிகை அன்னா டெவியர் ஸ்மித் தனியாளாக நடித்தது அப்படித்தான், பேசியவரின் திக்கலும் இழுவையும்கூட விடாமல். களக்கூற்று நாடகம் அதைவிட விரிந்தது. அதில் பலர் சொன்னதைச் சேர்த்து ஒரே பாத்திரமாக்கலாம், களக்குறிப்பிலிருந்து காட்சி அமைக்கலாம், ஆய்வாளரே ஒரு பாத்திரமாக வரலாம்.

உண்மையான சிக்கல் வேறொன்று. பேச்சுத் தமிழில் காற்று காத்தாகிறது, கூற்று கூத்தாகிவிடும். ‘களக்கூத்து’ என்று காதில் விழுந்தால், கூத்துக் களரி (கூத்தாடும் களம்) தெரிந்த ஊர்களில் அது நிஜமாகவே வேறொரு கலைவடிவத்தைக் குறிப்பதாகத் தோன்றும். வகுப்பறையில் அழுத்திச் சொல்லிப் பழக்குவதைத் தவிர இதற்கு என்னிடம் வேறு வழி இல்லை. கூத்துக் கலைஞர்களோடு பழகும் நண்பர்கள் யாராவது, இது உண்மையிலேயே இடைஞ்சலா என்று அவர்களிடம் கேட்டுச் சொன்னால் உதவியாக இருக்கும்.

கடைசியாக, நேர்காணல் கொடுப்பவரை என்ன சொல்வது? நாட்டார் வழக்காற்றியலில் ‘தகவலாளி’ என்று எழுதிவருகிறோம். இந்த நாடகங்களுக்கு அது ஒத்துவராது. டொராண்டோவில் ராஸ் கிரேயும் கிறிஸ்டினா சிண்டிங்கும் பரவிய நிலை மார்பகப் புற்றுநோய் உள்ள பெண்களிடம் ஆய்வு செய்து, அதை நாடகமாக்கினார்கள். அந்த நோயோடு வாழும் பெண்களும் கூடவே உட்கார்ந்து பிரதியை உருவாக்கினார்கள், மேடையிலும் ஏறினார்கள். அவர்களைப் போய்த் தகவலாளி என்பதா? அகப்பொருள் இலக்கணத்தில் ‘கூற்றிற்கு உரியோர்’ என்ற தொடர் இருக்கிறது. அதையே கொஞ்சம் எளிமையாக்கிக் கூற்றுக்குரியவர் என்று தொகுப்பில் சேர்க்கலாம் என்று பரிந்துரைக்கிறேன். பிரதியில் ஒரு வரியை வெட்டச் சொல்லவும், நாடகமே வேண்டாம் என்று மறுக்கவும் அவருக்கு உரிமை உண்டு என்பது அந்தப் பெயரிலேயே இருக்கிறது. மாற்றுக் கருத்து இருந்தால் எழுதுங்கள், அதற்குப் பிறகு இந்தச் சொற்கள் எல்லாவற்றையும் சேர்த்தே பதிவேற்றலாம்.