கழுத்து வலி விபத்தால் வந்தது என்று எப்படி நிரூபிப்பது?

சிப்புட் மகள்:
அப்பாவுக்கு 52 வயது. மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் செம்பனை (எண்ணெய்ப்பனை) குலை வெட்டுகிறார். போன வருடம் காலையில் பெரட்டுக்கு (வேலைக்கு முன் ஆள் கணக்கெடுப்புக்கு) போகும்போது அவர் மோட்டாரை ஒரு லோரி இடித்துத் தள்ளியது. தொடை எலும்பு முறிந்து கம்பி வைத்தார்கள். ஊன்றுகோலோடு நடக்கத் தொடங்கிய பிறகுதான் கழுத்து வலியும் இடது கை மரத்துப்போவதும் தெரிந்தது. எம்.ஆர்.ஐ.யில் கழுத்து எலும்புகளுக்கு இடையிலுள்ள தட்டு (டிஸ்க்) பிதுங்கியிருக்கிறது. இன்சூரன்ஸ் அனுப்பிய டாக்டர், "வயதால் வந்த தேய்மானம், முதல் நாள் ரிப்போர்ட்டில் கழுத்தைப் பற்றி ஒன்றுமில்லை" என்று எழுதிவிட்டார். காலுக்கு மட்டும்தான் பணமாம். முந்தின நாள்வரை நீளக் கம்பத்து அரிவாளைத் தூக்கி வெட்டிய கை அது. என்ன செய்வது?

பழைய கிளார்க்:
தங்கச்சி, லாயர் ஆபீசில் பல வருடம் விபத்துக் கேஸ்கள் பார்த்தவன் நான். ஐம்பது வயதில் பெரும்பாலானவர்களுக்கு எம்.ஆர்.ஐ. எடுத்தால் தேய்மானம் தெரியும், வலியே இல்லாதவருக்கும்கூட. அதனால் படத்தை மட்டும் வைத்து அவர்களும் ஜெயிக்க முடியாது, நீங்களும் முடியாது. விபத்து நடக்காமல் இருந்தால் இந்தக் கை இன்று மரத்திருக்குமா என்பதுதான் கோர்ட் கேட்கும் கேள்வி. நூற்றுக்கு நூறு நிரூபிக்கத் தேவையில்லை. விபத்தால் வந்திருக்கத்தான் வாய்ப்பு அதிகம் என்று நீதிபதிக்குத் தோன்றினால் போதும்.

தினமும் அண்ணாந்து குலை வெட்டுகிறவருக்குக் கழுத்து தேயத்தானே செய்யும் என்று கட்டாயம் கேட்பார்கள். தேய்ந்தே இருந்தாலும், இடித்தவர் அப்பாவை இருந்த நிலையிலேயே ஏற்க வேண்டும். அடங்கிக் கிடந்ததை விபத்து கிளப்பிவிட்டால் அதற்கும் நஷ்டஈடு உண்டு. ஆனால் அடங்கித்தான் கிடந்தது என்று காட்ட வேண்டும். அதற்குத் தோட்டத்துச் செக்ரோலை (வருகை, வேலைப் பதிவேட்டை) விட நல்ல சாட்சி கிடையாது. விபத்துக்கு முந்தைய மாதங்களில் எத்தனை நாள் வந்தார், எவ்வளவு குலை வெட்டினார் என்று கிராணியிடம் (தோட்டக் கணக்கரிடம்) நகல் வாங்குங்கள். தோட்டக் கிளினிக் பதிவும் வேண்டும். அதில் பழைய கழுத்து வலி ஏதாவது இருந்தால் மறைக்காமல் லாயரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

அப்புறம், வைத்தியம் பார்க்கும் எலும்பு டாக்டரிடம் லாயர் மூலம் தனி ரிப்போர்ட் கேளுங்கள். "விபத்தோடு பொருந்துகிறது" என்ற ஒரு வரி பற்றாது. எந்த நரம்பு அழுந்துகிறது, மரத்துப்போகும் விரல்கள் அதே நரம்புக்கு உரியவையா, வலி ஏன் தாமதமாகத் தெரிந்தது என்று காரணத்தோடு எழுத வேண்டும். இந்த ரிப்போர்ட்டை எதிர்த்தரப்பு ஏற்காவிட்டால் அதை எழுதிய டாக்டரே கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டிவரும்.

ஓய்வுபெற்ற மிஸ்ஸி (நர்ஸ்):
முதல் நாள் ரிப்போர்ட் என்பது பெரும்பாலும் சுருக்கம்தான். முழு கேஸ் நோட்டின் நகலுக்கு அப்பாவின் கையெழுத்தோடு விண்ணப்பியுங்கள். ஆம்புலன்சில் கழுத்துப் பட்டை மாட்டினார்களா, வார்டில் நர்ஸ்கள் என்ன எழுதினார்கள் என்று ஒவ்வொரு தாளாகப் பாருங்கள். தொடை முறிந்தவருக்கு வலி மருந்து பலமாகப் போகும், படுக்கையிலேயேதான் இருப்பார். கழுத்து வலி அதில் அமுங்கிப்போவதை வார்டில் நானே பார்த்திருக்கிறேன். பிசியோ அட்டை இருக்கிறதா?

சிப்புட் மகள்:
இருக்கிறது மிஸ்ஸி. ஆரம்பப் பக்கத்திலேயே "கழுத்து வலி, இடது கை மரத்தல்" என்று எழுதியிருக்கிறார்கள்! நாங்கள் யாரும் கவனிக்கவே இல்லை. அண்ணே, காலுக்குத் தரும் பணத்தை இப்போது வாங்கிக்கொண்டு கழுத்துக்குப் பிறகு கேட்கலாமா?

பழைய கிளார்க்:
லாயர் படிக்காமல் எதிலும் கையெழுத்துப் போட வேண்டாம். முழு, இறுதித் தீர்வு என்று அதில் இருந்தால் கழுத்தும் அதோடு போய்விடும். தீபகற்ப மலேசியாவில் இப்படிப்பட்ட வழக்குக்கு விபத்து நாளிலிருந்து 6 வருடம் அவகாசம் இருக்கிறது. லோரி அரசாங்கத்துடையது என்றால் 36 மாதம்தான், அதை உடனே பாருங்கள். வேலைக்குப் போகும் வழியில் நடந்ததால் பெர்கேசோவுக்கும் (தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்துக்கும்) மனு போட வேண்டும், அது தனிக் கணக்கு. பிசியோ அட்டையை நகல் எடுத்துக்கொண்டு அசலைப் பத்திரமாக வையுங்கள்.