வினிகர் வாடை அடிக்கும் 16 மி.மீ. பிலிம் சுருள்கள்: ஸ்கேன் செய்ய வழி சொல்லுங்கள்

வணக்கம். 1960களின் கறுப்பு வெள்ளை ஆவணப்படங்கள், ஆறு சுருள். ஒவ்வொன்றும் 400 அடி, அதாவது 11 நிமிடம். ஊர் நூலகத்தில் பொதுமக்களுக்குத் திரையிட டிஜிட்டல் பிரதி வேண்டும்.

எல்லாம் அசிடேட் பிலிம்; பழசானால் சிதைந்து அமிலம் விடும் வகை. டப்பாவைத் திறந்தாலே புளிப்பு வாடை மூக்கில் ஏறுகிறது. ஏ-டி பட்டை (அமிலத்துக்கு ஏற்ப நிறம் மாறும் சோதனைத் தாள்) வைத்துப் பார்த்ததில் நான்கு டப்பாவில் நீலம் பச்சையானது, இரண்டில் மஞ்சளையே தொட்டுவிட்டது, அதாவது சிதைவு முற்றிவிட்டது. அந்த இரண்டையும் தனியாக வைத்திருக்கிறோம். கசியும் அமிலம் பக்கத்துச் சுருளையும் கெடுக்கும்.

பெரிய சிக்கல், பிலிம் சுருங்கியிருப்பது. ஓரத்துத் துளைகளில் 100 துளைக்கு நீளம் 762 மி.மீ. இருக்க வேண்டும், மோசமான சுருளில் 753தான். சுருக்கம் 1 சதவீதத்தைத் தாண்டிவிட்டதால் புரொஜெக்டரின் பல்சக்கரம் துளைகளைக் கிழித்துவிடும். அதனால் ‘புரொஜெக்டரில் ஓட்டி கேமராவில் பிடியுங்கள்’ என்ற யோசனை மட்டும் வேண்டாம்.

பல்சக்கரம் இல்லாமல், ரோலரில் இழுத்து, துளையை ஒளியால் கண்டறியும் ஸ்கேனர் சென்னை, பெங்களூரு, புனே பக்கம் எங்கே இருக்கிறது? சுருங்கிய பிலிமை வாங்கிக்கொள்வார்களா? படத்தின் ஓரத்திலுள்ள ஒலித்தடத்தையும் சேர்த்தே எடுப்பார்களா? 2கே (சுமார் 2,000 பிக்சல் அகலம்) தெளிவு போதும். ஆனால் மூலக் கோப்பு, தரம் குறையாமல் சேமிக்கும் எஃப்எஃப்வி1-இலோ டிபிஎக்ஸிலோ வேண்டும். வெறும் எம்பி4 தந்து அனுப்பும் இடம் உதவாது.

பழைய ஒட்டு டேப்பின் பசை கசிந்து அடுத்த சுற்றோடு ஒட்டியிருக்கிறது. பிலிமின் எமல்ஷன் (படம் பதிந்த மேற்பூச்சு) உரியாமல் பிரித்த அனுபவம் யாருக்காவது உண்டா?

இன்னொன்று: வெளியாகி 60 ஆண்டு முடிந்து, பதிப்புரிமை தீர்ந்த படத்தில் வரும் பாட்டுக்குத் தனியாக அனுமதி வாங்கித் திரையிட்டவர்கள், யாரிடம் கேட்டீர்கள் என்று சொன்னால் நல்லது.